காட்ஃபாதர் இசையை ஆஸ்கர் ஏன் பட்டியலிலிருந்து தூக்கியது? நினோ ரோட்டா சுட்டாரா?

கேள்வி இதுதான்: “காட்ஃபாதர் படத்தின் இசை வேறு படத்திலிருந்து சுட்டது, அதனால்தான் ஆஸ்கர் பரிந்துரையையே ரத்து செய்தார்கள் என்கிறார்களே, உண்மையா? அந்த நினோ ரோட்டா இதைத் தவிர வேறு ஏதாவது செய்திருக்கிறாரா?”

பரிந்துரையை ரத்து செய்தது உண்மை. சுட்டது என்பதுதான் தப்பு. சொந்த வீட்டு மரத்திலிருந்து மாங்காய் பறித்தவரைத் திருடன் என்று பிடித்துக்கொடுத்த கதை அது. அந்த மெட்டு இருந்த பழைய படத்துக்கும் இசை இதே ரோட்டாதான்.

இரண்டாவது கேள்விக்குப் பதில் நீளம். 1972-ல் காட்ஃபாதர் வந்தபோது அவருக்கு அறுபது வயது. முதல் படத்துக்கு இசையமைத்து 39 வருடம் ஆகியிருந்தது.

முதலில் வழக்கை முடித்துவிடுவோம். 1958-ல் இத்தாலியில் ‘ஃபார்ச்சுனெல்லா’ என்று ஒரு நகைச்சுவைப் படம் வந்தது. இயக்கம் எடுவார்டோ டி ஃபிலிப்போ, எழுதியவர்களில் ஒருவர் புகழ்பெற்ற இத்தாலிய இயக்குநர் ஃபெல்லினி, நாயகி அவர் மனைவி ஜூலியெட்டா மாசினா. அதில் ஒரு குதூகலமான மெட்டு, பேண்டு வாத்தியக்காரர்கள் தெருவில் வாசித்துக்கொண்டு போகிற மாதிரி, துள்ளித் துள்ளிப் போகும். பெரிதாக யாரும் கண்டுகொள்ளவில்லை. 14 வருடம் கழித்து ரோட்டா அதே மெட்டை எடுத்து, வேகத்தைக் குறைத்து, துள்ளலை எடுத்துவிட்டு, மேண்டலினும் வயலின்களுமாகப் போட்டார். மைக்கேல் கார்லியோனே சிசிலிக்குத் தப்பிப்போன பிறகு நாம் கேட்கும் காதல் மெட்டு அதுதான். உலகத்தில் பாதிப் பேரின் கைபேசியில் ஒருகாலத்தில் மணியாக அடித்ததும் அதுதான்.

நான் கீபோர்டு சொல்லித்தருகிறவன். வகுப்பில் சேர்கிற பத்துப் பையன்களில் நாலு பேராவது “சார், காட்ஃபாதர்” என்று கேட்டுவிடுவார்கள். அவர்களுக்கு நான் சொல்வதையே இங்கேயும் சொல்கிறேன். கர்நாடக சங்கீத ஸ்வரங்களில் சொன்னால் முதல் வரி மந்திர ஸ்தாயி பஞ்சமத்தில் ஆரம்பிக்கும்: ப ஸ க ரி ஸ க ஸ ரி ஸ, அப்புறம் கீழே இறங்கி த நி ப. சாதாரண காந்தாரம், சுத்த தைவதம், கைசிகி நிஷாதம். ஸ்வரக்கட்டு நடபைரவிக்குள் ஒழுங்காக உட்காரும் (ராகம் என்று சொல்லவில்லை, சண்டைக்கு வராதீர்கள்). இரண்டாவது வரியும் அதே மாதிரிதான் தொடங்கும். ஆனால் முடிவில் பஞ்சமத்திலிருந்து பிரதி மத்யமத்தைத் தொட்டு, சுத்த மத்யமத்துக்கு வழுக்கி இறங்கும். கருப்புக் கட்டையில் அந்த ஒரு ஸ்வரம் இருக்கிறதே, அங்கேதான் பையன்கள் தடுமாறுவார்கள். மெட்டின் விஷமும் அங்கேதான். அதே ஸ்வரங்களை இரண்டு மடங்கு வேகத்தில், ஒவ்வொன்றையும் வெட்டி வெட்டி வாசித்துப் பாருங்கள். துக்கம் போய்விடும், சர்க்கஸ் வந்துவிடும். ஒரு ஸ்வரம் மாறவில்லை, ஆள் மாறிவிட்டான். இதற்கு ‘மறுபயன்பாடு’ என்று பெயர் வைப்பது எனக்குச் சரியாகப்படவில்லை. ரோட்டா அந்த மெட்டுக்குள் என்ன இருக்கிறது என்று 14 வருடம் கழித்துக் கண்டுபிடித்தார் என்றுதான் சொல்வேன்.

ஆனால் ஆஸ்கர் அகாதெமிக்கு விதி விதிதான். அந்தப் பிரிவில் போட்டியிடும் இசை அந்தப் படத்துக்கென்றே எழுதப்பட்டிருக்க வேண்டும். 1973 தொடக்கத்தில் பரிந்துரைப் பட்டியலில் ரோட்டாவின் பெயர் இருந்தது. பழைய படத்து விஷயம் வெளியே வந்ததும் பரிந்துரையைத் திரும்பப் பெற்றார்கள். அந்த இடத்துக்கு ‘ஸ்லூத்’ படத்தின் இசை வந்தது. கடைசியில் விருது யாருக்குப் போனது தெரியுமா? சார்லி சாப்ளினின் ‘லைம்லைட்’டுக்கு. அது 1952-ல் எடுத்த படம்! லாஸ் ஏஞ்சல்ஸில் அப்போதுதான் முறைப்படி திரையிட்டார்கள், அதனால் தகுதி உண்டு என்றார்கள். 14 வருடப் பழைய மெட்டு ஆகாது, 20 வருடப் பழைய படம் ஆகும். விதிப்படி இரண்டுமே சரிதான், அதுதான் வேடிக்கை.

இதற்கு மேல் ஒன்று. 1974-ல் வந்த ‘காட்ஃபாதர்’ இரண்டாம் பாகத்திலும் முதல் பாகத்தின் மெட்டுகள் திரும்ப வந்தன. அதற்கு ஆஸ்கர் கொடுத்துவிட்டார்கள், ரோட்டாவுக்கும், இயக்குநர் ஃபிரான்சிஸ் ஃபோர்டு கொப்பொலாவின் தந்தை கார்மைனுக்கும் சேர்த்து.

சரி, யார் இந்த ஆள்?

1911 டிசம்பர் 3-ல் மிலானில் பிறந்தார். அம்மாவின் அப்பா ஜொவான்னி ரினால்தி இசையமைப்பாளர், அம்மா எர்னெஸ்டா பியானோ வாசிப்பவர். பதினொரு வயதில் பையன் யோவான் ஸ்நானகனின் குழந்தைப் பருவத்தைப் பற்றி ஓர் ஆரட்டோரியோ எழுதினான். தனிக்குரல், கோரஸ், ஆர்க்கெஸ்ட்ரா எல்லாம் சேர்ந்த பெரிய வேலை. 1923-ல் அது மிலானிலும் பிரான்சிலும் மேடையேறியது. பத்திரிகைகள் குட்டி மோட்சார்ட் என்கிற அளவுக்குப் போயின. இப்படிப் பேர் வாங்கிய பிள்ளைகள் பலர் பதினெட்டு வயதில் காணாமல் போவார்கள். இவர் மிலானில் பிட்செட்டியிடமும், பிறகு ரோமில் கசெல்லாவிடமும் முறையாகப் படித்தார். பெரிய நடத்துநர் டோஸ்கனினி சொன்னதன் பேரில் அமெரிக்காவுக்குப் போய், ஃபிலடெல்ஃபியாவின் கர்ட்டிஸ் இசைப் பள்ளியில் இரண்டு வருடம் இருந்தார். அங்கே கூடப் படித்தவர்கள் சாமுவேல் பார்பர், மெனோட்டி. ஆர்க்கெஸ்ட்ராவை நடத்தக் கற்றுக்கொடுத்தவர் ஃபிரிட்ஸ் ரைனர். இத்தாலிக்குத் திரும்பிய பிறகு மிலான் பல்கலைக்கழகத்தில் இலக்கியத்தில் பட்டமும் வாங்கினார். ஆய்வேடு, 16-ஆம் நூற்றாண்டு இசை இலக்கணக்காரர் சார்லினோவைப் பற்றி. இவ்வளவையும் சொல்வது பெருமைக்காக இல்லை. எளிமையான மெட்டுப் போடுகிறவருக்கு வேறொன்றும் தெரியாது என்று நினைக்கிற கூட்டம் அவர் காலத்திலும் இருந்தது. எல்லாம் தெரிந்துகொண்டுதான் அந்த எளிமையை அவர் தேர்ந்தெடுத்தார்.

முதல் படம் 1933-ல். அது ஓடவில்லை, அடுத்த சில வருடங்கள் சினிமா பக்கமே போகவில்லை. நாற்பதுகளில் லக்ஸ் ஃபிலிம் நிறுவனம் அவரை வளைத்துப் போட்ட பிறகுதான் வேகம் பிடித்தது. நாற்பதுகளின் இறுதியிலிருந்து சில வருடங்கள், வருடத்துக்குப் பத்துப் படம்கூடச் செய்தார். 1954-ல் மட்டும் பதின்மூன்று. மொத்தக் கணக்கு 150-ஐத் தாண்டும். இந்த வேகத்தில் ஓடுகிறவர் பழைய மெட்டை எடுத்து உதறிப் போடாமல் இருப்பாரா? சில இடங்களில் அது அவசரத்தின் வேலைதான், மழுப்ப வேண்டியதில்லை. சில சின்னப் படங்களில் கடமைக்குச் செய்தது காதில் விழும்.

அதே 1954-ல் வந்ததுதான் ஃபெல்லினியின் ‘லா ஸ்ட்ராடா’.

ஃபெல்லினியும் ரோட்டாவும் சந்தித்ததைப் பற்றி ஃபெல்லினி சொல்லும் கதை ஒன்று உண்டு. ரோமில் சினெசிட்டா ஸ்டூடியோவுக்கு வெளியே ஒரு சின்ன உருவம் டிராமுக்குக் காத்துக்கொண்டு நிற்கிறது. அந்த இடத்தில் அந்த வண்டி நிற்கவே நிற்காது என்று இவர் சொல்லப் போனால், வண்டி வந்து சரியாக அங்கேயே நின்றதாம். ஃபெல்லினி சொல்வதில் எவ்வளவு உப்பு, எவ்வளவு புளி என்று அவருக்கே தெரியாது. ஆனால் ரோட்டாவைத் தெரிந்தவர்கள் எல்லோரும் ஏறக்குறைய இப்படித்தான் பேசுவார்கள். எந்நேரமும் வேறெங்கோ இருக்கிற மனிதர், ஆனால் காரியம் மட்டும் எப்படியோ நடந்துவிடும். 1952-ல் ‘வெள்ளை ஷேக்’ படத்தில் இருவரும் சேர்ந்தார்கள். அதிலிருந்து ரோட்டா சாகும்வரை ஃபெல்லினி தன் முழுநீளக் கதைப்படம் எதற்கும் வேறு இசையமைப்பாளரைத் தேடியதில்லை.

‘லா ஸ்ட்ராடா’வில் மெட்டு பின்னணியில் ஒலிக்கிற அலங்காரம் இல்லை, கதைக்குள்ளேயே கைமாறுகிற ஒரு பொருள். சர்க்கஸ் கோமாளி சின்னஞ்சிறு வயலினில் அதை வாசிக்கிறான். ஜெல்சோமினா அதைக் கேட்டுத் தன் டிரம்பெட்டில் பழகிக்கொள்கிறாள். முரடன் ஸாம்பனோ அவளை வழியில் விட்டுவிட்டுப் போய்விடுகிறான். வருடங்கள் கழிகின்றன. ஏதோ ஓர் ஊரில் அவன் நடந்து போகும்போது, கொடியில் துணி காயப்போடுகிற ஒரு பெண் அந்த மெட்டை முணுமுணுக்கிறாள். இந்தப் பாட்டு உனக்கு எப்படித் தெரியும் என்று கேட்கிறான். இங்கே ஒரு பெண் இருந்தாள், இதைத்தான் வாசித்துக்கொண்டிருப்பாள், செத்துப்போய்விட்டாள் என்கிறாள். அவ்வளவுதான் வசனம். ஒரு சாவைச் சொல்ல ஒரு மெட்டு போதும் என்று அந்தக் காட்சியைப் பார்த்துத்தான் எனக்குப் புரிந்தது. அந்த மெட்டு செக் இசையமைப்பாளர் ட்வோர்ஷாக்கின் ஒரு செரனேடை ஒத்திருக்கிறது என்று சொல்கிறவர்களும் உண்டு. கேட்டுப் பாருங்கள், அவர்கள் சொல்வதிலும் பொய் இல்லை.

இருவரும் வேலை செய்த முறை விசித்திரமானது. ஃபெல்லினிக்குப் படப்பிடிப்பில் எப்போதும் ஏதாவது இசைத்தட்டு ஓடிக்கொண்டிருக்க வேண்டும். நாள்கணக்கில் கேட்டுக் கேட்டு அதன்மேல் ஆசை வந்துவிடும். படம் முடிந்ததும் இதையே வைத்துக்கொள்வோம் என்பார். ரோட்டா சண்டை போடமாட்டார். ஆமாம், இதுதான் பொருத்தம், இதைவிட நன்றாக என்னால் முடியாது என்பார். சொல்லிக்கொண்டே பியானோவில் விரல்கள் எதையோ தேடும். கொஞ்ச நேரத்தில் ஃபெல்லினி, “அது என்ன, இப்போது வாசித்தாயே?” என்று கேட்பார். அந்தப் படத்துக்கு மெட்டு கிடைத்தாயிற்று. ‘எட்டரை’ படத்துக்கு ஃபெல்லினி பிடித்துக்கொண்டிருந்தது ஃபூச்சிக்கின் ‘கிளாடியேட்டர்களின் வருகை’. எந்த சர்க்கஸிலும் கேட்டிருப்பீர்களே, அதே அணிவகுப்பு இசை. அதிலிருந்து நழுவி ரோட்டா போட்டதுதான் படத்தின் கடைசிக் காட்சி இசை: கோமாளிகள் நாலைந்து பேர், வெள்ளை உடுப்பில் குழல் ஊதுகிற சிறுவன், இயக்குநரின் வாழ்க்கையில் வந்துபோன எல்லோரும் கைகோர்த்து வட்டமாகச் சுற்றிவருவார்கள். கடைசியில் விளக்குகள் அணைந்து சிறுவன் மட்டும் மிஞ்சுவான். ஆரவாரத்தோடு தொடங்கிய அணிவகுப்பு ஒற்றைக் குழலாக ஒடுங்கும்.

ஃபெல்லினியோடு இப்படி என்றால், இன்னொரு இத்தாலிய இயக்குநர் விஸ்கோன்டியோடு வேறு மாதிரி. 1963-ல் ‘சிறுத்தை’ படத்துக்காக விஸ்கோன்டிக்குப் பியானோவில் ஒவ்வொன்றாக வாசித்துக் காட்டியபோது, அவர் பிடித்துக்கொண்டது ரோட்டா நாற்பதுகளில் எழுதி முடிக்காமல் வைத்திருந்த ஒரு சிம்பொனியின் மெதுவான பகுதியை. அதன் மெட்டுகள் ஏற்கெனவே 1949-ல் ஒரு பிரிட்டிஷ் படத்தில் வந்தவை! படத்தின் பிரபலமான நடனக் காட்சிக்கு, பழைய புத்தகக் கடையில் அகப்பட்ட, வெர்டியின் அச்சேறாத வால்ட்ஸ் (மூன்று தட்டு நடன இசை) ஒன்றை எடுத்து, பியானோவுக்கு எழுதியிருந்ததை ஆர்க்கெஸ்ட்ராவுக்கு விரித்துக்கொடுத்தார். சிம்பொனியிலிருந்து சினிமா, சினிமாவிலிருந்து சிம்பொனி, ‘லா ஸ்ட்ராடா’விலிருந்து 1966-ல் மிலானின் ஓபரா அரங்கான லா ஸ்காலாவில் பாலே. மெட்டு ஒரு படத்தின் சொத்து என்று அவர் நினைத்ததே இல்லை. ஹாலிவுட் விதிப் புத்தகத்தோடு அவர் மோதியது அதனால்தான். அவர் மோதியதாகக்கூட உணர்ந்திருப்பாரா என்பது சந்தேகம்.

இவ்வளவையும் அவர் பகுதிநேரமாகச் செய்தார் என்பதுதான் எனக்கு ஆச்சரியம். இத்தாலியின் தெற்கே, அட்ரியாட்டிக் கடலோரத்தில் பாரி என்றொரு துறைமுக நகரம். அங்கே உள்ள இசைக் கல்லூரியில் 1939-ல் வாத்தியாராகச் சேர்ந்தார். 1950-ல் இயக்குநர் நாற்காலியில் உட்கார்ந்தவர் 1977 வரை எழுந்திருக்கவில்லை. ‘லா டோல்சே வீட்டா’, ‘ரோமியோ ஜூலியட்’, ‘காட்ஃபாதர்’, ‘அமார்கார்ட்’ எல்லாம் வந்த காலத்தில் அவருடைய உத்தியோகம் கல்லூரி நிர்வாகம். தேர்வு நடத்துவது, மதிப்பெண் போடுவது, வாத்தியார்களை நியமிப்பது. ரோமுக்கும் பாரிக்கும் இடையே ரயிலில் போய்வந்துகொண்டிருந்தார்.

அப்படி ஒரு தேர்வில், பக்கத்து ஊரான மோல்ஃபெட்டாவிலிருந்து தனித்தேர்வராக வந்த ஒரு பையனுக்கு முழு மதிப்பெண் போட்டார். இன்றைக்கு நீ வாசித்ததற்காக இல்லை, நாளைக்கு வாசிக்கப்போவதற்காக என்று சொன்னாராம். பையன் பெயர் ரிக்கார்டோ மூட்டி. பிற்காலத்தில் லா ஸ்காலாவின் இசை இயக்குநராகி, ரோட்டாவின் சினிமா இசையை அந்த மேடையின் ஆர்க்கெஸ்ட்ராவைக் கொண்டே பதிவு செய்தார். வாத்தியார் வேலையில் இதற்குமேல் என்ன சம்பளம் வேண்டும்!

ரோட்டா தன்னைச் சினிமாக்காரராக மட்டும் எண்ணிக்கொள்ளவில்லை. பத்து ஓபரா எழுதியிருக்கிறார். அவற்றில் ‘ஃபிளாரன்ஸ் வைக்கோல் தொப்பி’ நாற்பதுகளில் அம்மாவோடு சேர்ந்து வசனப் பாட்டு எழுதி முடித்தது. சுமார் பத்து வருடம் பெட்டிக்குள் கிடந்து, 1955-ல் பலெர்மோவில் மேடையேறி, இன்றும் ஐரோப்பாவில் நடக்கிறது. குதிரை தொப்பியைத் தின்றுவிட, கல்யாண மாப்பிள்ளை ஊரெல்லாம் தொப்பி தேடி ஓடுகிற கதை. அந்தக் காலத்தில் ஐரோப்பிய இசைக் கல்லூரிகளில் மெட்டு என்று ஒன்று இருந்தாலே முகம் சுளிப்பார்கள். பன்னிரண்டு ஸ்வரத்தையும் சமமாக நடத்தும் முறைதான் அறிவாளித்தனம் என்று ஆகியிருந்தது. அதனால் சினிமாவுக்கு வெளியே அவரை உயிரோடு இருந்தபோது பெரிதாக மதிக்கவில்லை. அவரும் அதைப் பற்றிக் கூட்டம் போட்டுப் பேசியவர் இல்லை. கல்யாணம் செய்துகொள்ளவில்லை. நண்பர் வின்சி வெர்ஜினெல்லியோடு சேர்ந்து ரசவாதம், மறைஞானம் பற்றிய பழைய புத்தகங்களைத் தேடித்தேடிச் சேர்த்தார். அந்தச் சேகரிப்பு இப்போது ரோமில் லின்செய் அகாதெமியில் இருக்கிறது. இசைக் கையெழுத்துப் பிரதிகள் வெனிஸில் சினி அறக்கட்டளையிடம்.

காட்ஃபாதருக்கே திரும்ப வருகிறேன். கொப்பொலா ரோட்டாவைக் கேட்டபோது பாரமவுன்ட் நிறுவனத்தில் தயாரிப்புக்குப் பொறுப்பாக இருந்த ராபர்ட் எவன்ஸுக்கு அந்த இசை பிடிக்கவில்லை, மாற்றச் சொன்னார். கொப்பொலா பின்னாளில் சொன்னபடி, அவர் மசியவில்லை. பார்வையாளர்களுக்குப் போட்டுக் காட்டுவோம், அவர்களுக்குப் பிடிக்கவில்லை என்றால் எடுத்துவிடலாம் என்றார். அப்படித்தான் பிழைத்தது. படத்தின் ஆரம்பத்தைக் கவனித்திருக்கிறீர்களா? திரை முழுக்க இருட்டு. ஒற்றை டிரம்பெட், துணைக்கு எதுவும் இல்லாமல், வால்ட்ஸ் தாளத்தில். கோடிக்கணக்கில் செலவழித்து எடுத்த குற்றப்படத்துக்கு ஹாலிவுட்டில் யாரும் அப்படி ஆரம்பித்திருக்க மாட்டார்கள். எனக்கு அது ஜெல்சோமினாவின் டிரம்பெட்டாகவே கேட்கிறது. பதினெட்டு வருடத்துக்கு முன் ஏழைப் பெண் ஒருத்தி ஊதியதை இப்போது ஒரு கொலைகார வம்சத்துக்காக ஊதுகிறார்கள். இது என் காது சொல்வது, யாரும் ஏற்றுக்கொள்ள வேண்டியதில்லை.

ரோட்டா 1979 ஏப்ரல் 10-ல் ரோமில் இறந்தார், 67 வயது. ஃபெல்லினியோடு செய்த கடைசிப் படம் ‘ஆர்க்கெஸ்ட்ரா ஒத்திகை’. திரையில் வாத்தியக்காரர்கள் வாசிக்க வேண்டியிருந்ததால் அந்த ஒரு முறை மட்டும் இசையை முன்கூட்டியே எழுதிப் பதிவுசெய்துவிட்டுப் படமெடுத்தார்கள். 1993-ல் ஃபெல்லினி இறந்தபோது, அவர் மனைவி மாசினா கேட்டுக்கொண்டபடி தேவாலயத்தில் மவுரோ மாவுர் டிரம்பெட்டில் ரோட்டாவின் இசையை வாசித்தார்.

எங்கே ஆரம்பிப்பது என்று கேட்டால், ‘அமார்கார்ட்’டில் ஆரம்பியுங்கள், சுலபமாக உள்ளே இழுக்கும். அடுத்து ‘லா ஸ்ட்ராடா’. செஃபிரெல்லியின் ‘ரோமியோ ஜூலியட்’ இசை உங்களுக்கு ஏற்கெனவே தெரிந்திருக்கலாம். ஹென்றி மன்சினி பியானோவில் வாசித்த அதன் காதல் மெட்டு 1969-ல் அமெரிக்கப் பட்டியலில் முதலிடத்தில் இருந்தது. ‘காசனோவா’வைக் கடைசியில் வையுங்கள். கண்ணாடி உரசுகிற மாதிரி ஒலிகள், பொம்மையின் நடனம், அதுவரை கேட்ட ரோட்டா இவர்தானா என்று தோன்றும். ‘ஃபார்ச்சுனெல்லா’வின் அந்த மெட்டு மட்டும் இணையத்தில் தனியாகவே கிடைக்கிறது. காட்ஃபாதர் தெரிந்த யாருக்காவது பெயர் சொல்லாமல் போட்டுக் காட்டுங்கள். நாலாவது ஸ்வரத்தில் புருவம் உயரும், எட்டாவதில் சிரித்துவிடுவார்கள்.